சரக அலுவலகத்தின் கிழக்குச் சுவர்: ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

நெல்லைச் சீமையின் மேற்கு ஓரத்தில், தாமிரபரணியில் போய்ச் சேரும் ஓர் ஓடையின் கரையில், காட்டுப் பாதை தொடங்கும் இடத்தில் பழைய வனச்சரக அலுவலகம் ஒன்று இருக்கிறது. கல் சுவர், ஓட்டுக் கூரை, முன்னால் மரத்தூண் வைத்த தாழ்வாரம், சுற்றிலும் யானை அகழி. முண்டந்துறை, களக்காடு பக்கம் சுற்றியவர்களுக்குப் பழகிய அமைப்புதான். சரகத்தின் பெயரையும் அங்கே வேலை பார்த்தவர்களின் பெயரையும் இங்கே தரவில்லை.

2022 ஆனி மாதம், இதை இடித்துவிட்டு அதே இடத்தில் கான்கிரீட் கட்டடம் எழுப்பும் யோசனை வந்தது. காரணங்கள் கண்ணுக்குத் தெரிந்தவை. கிழக்குச் சுவரின் அடிப்பக்கம் இடுப்பளவுக்கு ஓதம், அதாவது தரையிலிருந்து ஏறும் ஈரம், ஏறிப் பூச்சு பொரிந்திருந்தது. வடகிழக்கு மூலையில், சன்னலிலிருந்து கூரையை நோக்கிச் சாய்வாக ஒரு விரிசல் ஓடியது. கூரை முகடு நடுவில் தொய்ந்திருந்தது. மழை பெய்தால் பதிவேட்டு அறையில் வாளி வைக்க வேண்டிய நிலை. முன்னதாக யாரோ எழுதிக் கொடுத்த ஒரு பக்கக் குறிப்பு, 150 ஆண்டுக்கு மேற்பட்ட கட்டடம், ஆயுள் முடிந்தது, பழுதுபார்க்க உகந்ததல்ல என்று முடித்திருந்தது.

ரேஞ்சர் அந்தக் குறிப்பை ஏற்கவும் இல்லை, தள்ளவும் இல்லை. பழைய சுண்ணாம்புக் கட்டடங்களில் வேலை செய்கிறவன் என்பதால் என்னை வரச்சொன்னார். "இடிக்கணும்னா இடிச்சிருவோம் சார். எதுக்கு இடிக்கோம்னு தெரிஞ்சு இடிப்போம்" என்றார்.

1865 என்ற ஆண்டு

முகப்பில் ஒரு தகரப் பலகை. அதில் வெள்ளைப் பெயின்டில் 'கட்டப்பட்டது 1865' என்று எழுதியிருந்தது. 150 ஆண்டுக் கணக்கு அங்கிருந்து வந்ததுதான். ஆனால் அந்த ஆண்டு எனக்கு ஒட்டவில்லை. சென்னை மாகாணத்தில் வனத்துறை 1856-இல் தொடங்கியது உண்மை. எல்லை வகுத்து, காப்புக்காடு என்று அறிவித்து, சரகம் சரகமாக ஆள் போட்டதெல்லாம் 1882-இன் சென்னை வனச் சட்டத்துக்குப் பிறகே வேகம் பிடித்தது. அதற்கு முன்பே இந்த மூலையில் இப்படி ஓர் அலுவலகத்துக்கு என்ன வேலை?

விடை கூரையில் இருந்தது. ஓட்டைக் கழற்றித் திருப்பிப் பார்த்தால் அடியில் பாசல் மிஷன் ஓட்டு ஆலையின் முத்திரை, கூடவே 1865 என்ற எண். மங்களூரில் அந்த ஆலை தொடங்கிய ஆண்டு அது. ஓடு சுட்ட ஆண்டு அல்ல. பல பத்தாண்டுகள் அதே எண்ணைப் போட்டே ஓடு வார்த்திருக்கிறார்கள். எப்போதோ கூரை மாற்றியபோது யாரோ ஓட்டைப் பார்த்து, பலகையில் எழுதிவிட்டார்கள்.

சரி, அப்படியானால் எப்போது? கூரையைத் தாங்கும் சாய்வு மரங்களான கைமரங்களின் முதுகைப் பார்த்தோம். இப்போதுள்ள ரீப்பர்கள், அதாவது ஓடு உட்காரும் குறுக்குச் சட்டங்கள், மங்களூர் ஓட்டுக்கு ஏற்ப ஓரடிக்குச் சற்று மேலான இடைவெளியில் இருந்தன. அவற்றுக்கு நடுவே, மிக நெருக்கமாக, பழைய ஆணித் துளைகள் வரிசையாகத் தெரிந்தன. நெருக்கமாகச் சட்டம் அடித்து வேய்வது நாட்டு ஓடு. ஆக, முதலில் நாட்டு ஓட்டுக் கூரையாக இருந்து, பிறகு அதே மரத்தில் மங்களூர் ஓட்டுக்கு மாறியிருக்கிறது. மேற்குக் கரையிலிருந்து அவ்வளவு ஓட்டை மாட்டுவண்டியில் கொண்டுவந்திருக்க மாட்டார்கள். திருநெல்வேலியிலிருந்து அம்பாசமுத்திரம், செங்கோட்டை வழியாகக் கொல்லம் போகும் ரயில் பாதை 1904-இல் முழுமையானது. முதல் உலகப்போருக்குப் பிறகு பாசல் மிஷன் ஆலைகள் கைமாறி காமன்வெல்த் ட்ரஸ்ட் என்ற பெயருக்குப் போய்விட்டன. ஆகவே ஓட்டு மாற்றம் இந்த இரண்டுக்கும் நடுவில் நடந்திருக்க வாய்ப்பு அதிகம்.

சுவரும் அதையே சொன்னது. சன்னல் மட்டம் வரை மண் சாந்தில் அடுக்கிய கருங்கல். அதற்கு மேலே சுண்ணாம்புச் சாந்து, இடையிடையே செங்கல் வரிசை. கூரையை உயர்த்தியபோது சுவரையும் உயர்த்தியிருக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் மேலே, வெளியிலும் உள்ளிலும், முக்கால் அங்குலத்துக்கு சிமென்ட் பூச்சு. தாழையூத்தில் சிமென்ட் ஆலை வந்தது 1949-இல். அதன் பிறகு இந்த வட்டாரத்தில் சுண்ணாம்புக் காளவாய்கள் ஒவ்வொன்றாக அணைந்தன. நீற்றத் தெரிந்த கொத்தனார்களும் குறைந்தார்கள். இந்தப் பூச்சு அதற்கும் வெகுகாலம் கழித்து வந்தது. ஓய்வுபெற்ற வாட்சர் ஒருவர், காணிக்காரப் பழங்குடியைச் சேர்ந்தவர், 1990-களில் அது பூசப்பட்டபோது தானே தண்ணீர் சுமந்ததாகச் சொன்னார்.

வயதைத் தேடியது வீண் வேலை இல்லை. 'ஆயுள் முடிந்தது' என்ற தீர்ப்பு தவறான ஓர் எண்ணின் மேல் நின்றது என்று தெரிந்தது. அதைவிட முக்கியமாக, மூன்று காலத்தில் மூன்று பொருளால் கட்டிய சுவர் என்பதும், கடைசியாக வந்த பொருள் முந்தைய இரண்டோடும் ஒத்துப்போகாதது என்பதும் அங்கேயே தெரிந்துவிட்டது.

கட்டடம் எதற்காக அப்படி இருந்தது

நடு அறை ரேஞ்சருடையது. இடப்பக்கம் பதிவேட்டு அறை, வலப்பக்கம் கம்பி வைத்த சிறு அறை. பிடிபட்ட மரமும் சில நேரம் பிடிபட்ட ஆளும் அதில் இருந்திருக்கிறார்கள். அடுப்பு கூரைக்குக் கீழே கிடையாது. சமையல்கட்டு இருபது அடி தள்ளித் தனியாக இருந்தது, தீ பயத்தால். தரையை உயர்த்தும் அடிமேடையான பேஸ்மட்டம் மூன்றடி உயரம். படி ஏறித் தாழ்வாரத்துக்கு வரவேண்டும். தாழ்வாரத்துச் சுவரில், நடு அறையிலிருந்து கை நீட்டும் உயரத்தில் ஒரு சின்ன சன்னல். கூலி கொடுத்ததும், தலைச்சுமை விறகுக்கு அபராதம் வாங்கியதும் அதன் வழியாகத்தான் என்றார் அந்த வாட்சர். வெளியாள் யாரும் உள்ளே போனதில்லை. மரத்தைக் காக்கக் கட்டினார்கள் என்று நாம் சொல்லிக்கொண்டாலும், இதன் அமைப்பைப் பார்த்தால் மரத்தைவிட மனிதர்கள் மேல்தான் கண் வைத்துக் கட்டியதாகத் தோன்றும். 1962-இல் முண்டந்துறை புலிகள் சரணாலயமானது. 1988-இல் களக்காட்டையும் சேர்த்துப் புலிகள் காப்பகமானது. அதன் பிறகு இந்த வட்டாரத்தில் வனத்துறையின் வேலையே மாறியது. கூலிச் சன்னல் மூடப்பட்டு அந்த இடத்தில் வயர்லெஸ் பெட்டி வந்தது.

மழைக்கும் தெளிவான ஏற்பாடு இருந்தது. இங்கே பெருமழை ஐப்பசி, கார்த்திகையில் கிழக்கிலிருந்து அடிக்கும். அதனால் கிழக்குப் பக்கம் இறவாரம், அதாவது சுவரைத் தாண்டி நிற்கும் கூரை விளிம்பு, மூன்றடிக்கு நீண்டிருந்தது. இறவாரத்துத் தண்ணீர் சுவரை விட்டுத் தள்ளி விழும். சுவருக்குள் புகும் கொஞ்சம் ஈரமும் சுண்ணாம்பு வழியாக வெளியே காய்ந்துவிடும். கீழே விழுந்த தண்ணீர் எங்கே போனது? இந்தக் கேள்விதான் மூன்று மாதம் எங்களைச் சுற்றவிட்டது.

மழைக்காகக் காத்திருந்தது

ஆவணியில் பார்த்து உடனே தீர்ப்புச் சொல்ல நான் விரும்பவில்லை. விரிசல் பழையதா, இன்னும் நகர்கிறதா என்று தெரியாமல் இடிக்கவும் கூடாது, காக்கவும் கூடாது. ஒரு வடகிழக்குப் பருவமழை போகட்டும் என்று கேட்டேன். ரேஞ்சர் ஒரு நிபந்தனையோடு சம்மதித்தார்: அதுவரை யாரும் உள்ளே படுக்கக் கூடாது, பதிவேடுகள் பக்கத்துக் குடியிருப்புக்குப் போக வேண்டும். தொய்ந்த முகட்டுக்குக் கீழே இரண்டு முட்டுக்கம்பம் நிறுத்தினோம். தாழ்வாரத்தில் மேசை போட்டு அலுவலகம் நடந்தது.

விரிசலின் குறுக்கே நான்கு இடத்தில் மெல்லிய கண்ணாடித் துண்டுகளை ஒட்டி, தேதி எழுதினோம். சுவர் அசைந்தால் கண்ணாடி உடையும். கிழக்கு, மேற்குச் சுவர்களில் பல உயரங்களில் சாந்தைச் சுரண்டி எடுத்து, எடை போட்டு, அடுப்பில் காயவைத்து மறுபடி எடை போட்டோம். ஈரம் எவ்வளவு என்று அறிய இதைவிட மலிவான வழி கிடையாது.

கார்த்திகையில் வடகிழக்கு மூலையின் கீழ்ப்பக்கக் கண்ணாடி உடைந்தது. மற்ற மூன்றும் அப்படியே இருந்தன. முழுச் சுவரும் சாயவில்லை, ஒரு மூலை மட்டும், ஈரம் ஏறும்போது மட்டும் இறங்குகிறது என்று பொருள். சாந்தின் எடைக் கணக்கும் அங்கேயே கை காட்டியது. கிழக்குச் சுவரின் அடியில் ஈரம் மிக அதிகம். சிமென்ட் பூச்சு இருந்த உயரம் வரை ஏறி, அதற்கும் மேலே முட்டிக்கொண்டு நின்றது. மேற்குச் சுவரில் அப்படி இல்லை.

அப்புறம்தான் வாட்சரிடம் கேட்டேன், முற்றம் எப்போதும் இந்த உயரத்தில்தான் இருந்ததா என்று. "இல்லைங்க ஐயா. ஜீப்பு நிக்கிறதுக்குன்னு மண்ணடிச்சு மேலே காங்கிரீட்டு போட்டாங்க. அதுக்கு அடியில கல்லு வாய்க்கா உண்டு. தண்ணி அது வழியா போயி அகழியில விழும்லா" என்றார். அதைக் கேட்க அதுவரை யாருக்கும் தோன்றவில்லை.

கான்கிரீட்டை ஓர் ஓரத்தில் உடைத்துத் தோண்டினோம். ஒன்றரை அடி ஆழத்தில், இறவாரத்தின் பழைய விளிம்புக்கு நேர் கீழே, கல் பாவிய வாய்க்கால் ஏறக்குறைய முழுதாகக் கிடந்தது. வடக்கு நோக்கிச் சரிந்து, யானை அகழியில் போய்ச் சேரும்படி அமைத்திருக்கிறார்கள். அகழிக்கு யானையைத் தடுப்பது ஒரு வேலை, முற்றத்துத் தண்ணீரை ஓடைக்குக் கொண்டுபோவது இன்னொன்று. ஜீப்புக்காக மண்ணடித்தபோது வாய்க்கால் மூடிப்போனது. வடகிழக்கில் ஒரு வண்டி நீளத்துக்கு அகழியும் தூர்ந்தது. வண்டி நிழலில் நிற்கத் தகரம் போட வேண்டி இறவாரத்தையும் ஒன்றரை அடி வெட்டியிருந்தார்கள். ஓட்டுத் தண்ணீர் சுவரடியில் விழுந்தது, போக வழியில்லாமல் மூலையில் தேங்கியது, மண் சாந்துக் கல் வழியாக ஏறியது, சிமென்ட் பூச்சு அதைக் காயவிடவில்லை. கண்டது அவ்வளவுதான். தூர்ந்த அந்த இடம் வழியாக யானை ஒருமுறை சமையல்கட்டு வரை வந்துபோனதாக வனவர் சொன்னார்.

எடுத்த முடிவுகள்

மூன்று வழிகள் பேசப்பட்டன. முதலாவது இடித்துக் கட்டுவது. இரண்டாவது, வேறிடத்தில் புது அலுவலகம் கட்டிவிட்டு இதைப் பூட்டி 'பாதுகாப்பது'. பார்க்க மரியாதையாகத் தெரிந்தாலும் மூன்றிலும் மோசமானது இதுதான் என்று நான் வாதிட்டேன். காட்டோரத்தில் ஆள் புழங்காத ஓட்டுக் கட்டடம் கரையானுக்கும் வௌவாலுக்கும் விட்டது போலத்தான். மூன்றாவது, பழுதுபார்த்து, தொடர்ந்து அலுவலகமாகவே வைத்திருப்பது.

மூன்றாவதைத் தேர்ந்தெடுத்தோம். கெட்டது ஒரு மூலையும் சில கைமரங்களின் நுனியும்தான், காரணம் தெரிந்துவிட்டது, அதை நீக்க முடியும். ஆனால் இன்றைய தேவை எல்லாவற்றையும் பழைய கட்டடத்தின் மேல் சுமத்தவும் கூடாது. கழிப்பறை, சோலார் பேட்டரி, வயர்லெஸ் மூன்றையும் பின்னால் ஏற்கெனவே கான்கிரீட் போட்டிருந்த இடத்தில் தனிச் சிறு கட்டடமாக்கினோம். மூலையில் அஸ்திவாரத்துக்கு அடியில் கான்கிரீட் திணிக்கலாம் என்று ஒருவர் சொன்னார். முதலில் தண்ணீரை வெளியேற்றிவிட்டு, ஒரு மழை பார்த்து, கண்ணாடி மறுபடி உடைந்தால் மட்டும் அதைச் செய்வது என்று தள்ளிவைத்தோம்.

வேலை நடந்த விதம்

2023 மாசியில் முற்றத்தின் கான்கிரீட்டை எடுத்து, வாய்க்காலைத் திறந்து, அகழியின் தூர்ந்த பகுதியைத் தோண்டினார்கள். சுவரைத் தொடும் முன்பே இதைச் செய்தது நல்லதாயிற்று. பங்குனிக்குள் சுவரடி கண்ணுக்குத் தெரியும் அளவுக்கு வெளுத்துவிட்டது.

கூரையில் கைமரங்கள் பெரும்பாலும் தேக்கு, சில வேங்கை. சுவருக்குள் புதைந்த நுனிகள் மட்டும் இற்றிருந்தன. ஆசாரி முழு மரத்தையும் மாற்றாமல், நுனியை வெட்டி, சாய்வாகச் செதுக்கிப் புதுத் துண்டைப் பொருத்தி மர ஆணி அடித்தார். கிழக்கு இறவாரத்தை மறுபடி மூன்றடிக்கு நீட்டினோம். ஓடுகளை ஒவ்வொன்றாக விரலால் தட்டி, கணீரென்று ஒலித்ததை வைத்துக்கொண்டு, மந்தமாக ஒலித்ததை ஒதுக்கினார்கள். குறைந்த ஓட்டுக்கு அம்பாசமுத்திரம் பக்கம் இடித்த வீடுகளிலிருந்து பழைய ஓடு கிடைத்தது.

வௌவால்தான் எதிர்பாராத தடை. குட்டி போட்டிருக்கும் நேரத்தில் கூரையைப் பிரிக்க வேண்டாம் என்று ரேஞ்சர் சொன்னதால் தெற்குப் பகுதி இரண்டு மாதம் தள்ளிப்போனது. அதன் விளைவு பின்னால் வருகிறது.

சிமென்ட் பூச்சை உளியால் கொத்தி எடுத்தோம். பல இடத்தில் அது கல்லின் தோலையும் உரித்துக்கொண்டு வந்தது. புதுப் பூச்சுக்குத் தூத்துக்குடிப் பக்கத்துக் கிளிஞ்சல் சுண்ணாம்பை வாங்கி, குழியில் நீற்றி, ஊறவிட்டு, செங்கல் தூளும் மணலும் சேர்த்து அரைத்தோம். கடுக்காய்த் தண்ணீரும் கருப்பட்டியும் ஊறவைத்த பானையைப் பார்த்து இளைய கையாட்கள் சிரித்தார்கள். பெரிய கொத்தனாருக்கு அது அப்பா செய்த வேலை, கை மறக்கவில்லை. ஆனால் சுண்ணாம்பு இறுகுவதற்கு எடுக்கும் நேரம் யாருக்கும் பொறுக்கவில்லை. ஒரு நாள் மதியம், வடக்குச் சுவரில் ஒரு பாகம் மட்டும் சாயங்காலத்துக்குள் இறுகிவிட்டது. "ஒரு கை சிமென்டு போட்டேன் அண்ணாச்சி, நிக்கும்ணு" என்று கையாள் ஒப்புக்கொண்டான். கொத்தனார் திட்டவில்லை; அந்தப் பாகத்தை அவனையே கொத்தி எடுக்கச் சொன்னார்.

மேற்குச் சுவர் கடைசியாக, வைகாசி முடிவில் பூசப்பட்டது. கூரையின் தெற்குப் பகுதி தாமதமானதால் வந்தது இது. அதற்குள் மேற்கிலிருந்து அடிக்கும் மேல்காற்று தொடங்கிவிட்டது. ஈரச் சாக்கு கட்டியும் தாங்கவில்லை. காற்று உறிஞ்ச உறிஞ்ச, பூச்சில் மயிரிழை விரிசல்கள் சிலந்தி வலை மாதிரி விழுந்தன. உதிரவில்லை என்பதால் அப்படியே விட்டு, ஒரு சுண்ணாம்பு அடி கொடுத்தோம்.

2023 டிசம்பர்

டிசம்பர் 17, 18 தேதிகளில் தென் மாவட்டங்களில் பெய்த மழையை இங்கே யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல். மாஞ்சோலை மலையிலும் கொட்டித் தீர்த்தது. தாமிரபரணி கரை மீறியது. சரகத்துப் பணியாளர்கள் பல நாள் மீட்பு வேலையிலும் பாதை திறப்பதிலும் இருந்தார்கள். கட்டடத்தைப் பார்க்க மாத முடிவில்தான் முடிந்தது.

கூரையில் முகட்டு ஓடு சில நகர்ந்திருந்தன. பதிவேட்டு அறை நனையவில்லை. வாய்க்கால் ஓடியிருக்கிறது. ஆனால் அகழி ஓடையில் சேரும் வாயில் மரக்கிளையும் சருகும் அடைத்து, தண்ணீர் பின்வாங்கி, பின்புறச் சாமான் கொட்டகைக்குள் ஒரு சாண் நின்றிருக்கிறது. அங்கே இருந்த கயிறும் தார்ப்பாயும் வீணாயின. கொட்டகையை நாங்கள் வேலைக்குள் சேர்த்திருக்கவில்லை.

கிழக்குச் சுவரில் ஓதம் ஓரடி உயரம் ஏறியிருந்தது. தை முடிவதற்குள் காய்ந்துவிட்டது. முன்பெல்லாம் அது சித்திரை வரை நிற்கும் என்று வனவர் சொன்னார். வடகிழக்கு மூலையில் புதிதாக ஒட்டிய கண்ணாடி உடையவில்லை. அஸ்திவாரத்துக்கு அடியில் கான்கிரீட் திணிக்கும் யோசனையை அத்தோடு கைவிட்டோம். ஒரே மழையை வைத்து முடிவு கட்டலாமா என்று கேட்கலாம். அந்த மழையை வைத்துக் கட்டலாம் என்பது என் எண்ணம்.

அடுத்த முறை மாறவேண்டியவை

இப்படிப்பட்ட கட்டடத்துக்கு அழைப்பு வந்தால் இனி சுவரைப் பார்க்கும் முன் முற்றத்தின் மட்டத்தைத்தான் எடுப்பேன். பேஸ்மட்டம் மூன்றடி என்று படத்தில் இருந்து, படியில் இரண்டு மட்டுமே வெளியே தெரிந்தால், மீதி மண்ணுக்குள் இருக்கிறது என்றுதானே பொருள். அதேபோல, அங்கே நீண்ட நாள் வேலை பார்த்தவர்களிடம் 'கட்டடத்துக்கு என்ன ஆச்சு' என்று கேட்பதைவிட 'இங்கே எதையெல்லாம் மாற்றினாங்க' என்று கேட்பது பலன் தரும்.

வேலைக் காலத்தை வௌவால், மேல்காற்று இரண்டையும் பார்த்து வகுக்க வேண்டும். மேற்குச் சுவரை மாசியிலேயே முடித்துவிட்டு மற்றதற்குப் போவது நல்லது. அகழி ஓடையில் சேரும் இடத்தில் கிளைகளைத் தடுக்க அகலமான கல் தடுப்பு வேண்டும். கம்பிவலை போட்டால் அதுவே அடைத்துக்கொள்ளும். சுண்ணாம்பு வேலைக்கு ஒப்பந்தம் எழுதும்போது, காயும் நாட்களுக்கும் கூலி உண்டு என்று எழுதிவிட வேண்டும். கையாள் சிமென்ட் கலந்தது திருட்டுப் புத்தியால் அல்ல. காத்திருந்தால் அவனுக்கு அன்றைய சம்பளம் இல்லை.

முகப்புப் பலகையில் புது ஆண்டு எழுதுவதா என்று கேட்டார்கள். 1882-க்குப் பிறகு என்பதற்கு மேல் உறுதியாக எதுவும் சொல்ல முடியாததால், ஆண்டை அழித்துவிட்டுச் சரகத்தின் பெயரை மட்டும் விட்டார்கள்.

புரட்டாசியில் வாய்க்கால் வாருவதும் அகழி வாயைத் துப்புரவு செய்வதும் இப்போது சரகத்தின் ஆண்டு வேலைப் பட்டியலில் இருக்கின்றன. அப்போதிருந்த ரேஞ்சர் மாற்றலாகிப் போய்விட்டார். புதிதாக வந்தவர் முதல் வாரமே, ஜீப்பைக் கிழக்கு முற்றத்தில் நிறுத்தினால் என்ன என்று கேட்டாராம். வனவர் வாய்க்காலைக் காட்டி விளக்கியிருக்கிறார். வண்டி இப்போது அகழிக்கு வெளியே, தெற்கு வாசலில் நிற்கிறது. அங்கே ஒரு ஷெட் கேட்டு எழுதியதற்கு இன்னும் அனுமதி வரவில்லை.